வெளியிலிருந்து பார்த்தபோது தெரிந்த ரிமோட் டெஸ்க்டாப் சர்வர்கள்: ஒரு நிகழ்வு ஆய்வு

பின்னணி

இது நடந்த நிறுவனத்தில் சுமார் 140 பேர் வேலை பார்க்கிறார்கள். ஒரு தலைமை அலுவலகம், இரண்டு கிளைகள், கிளவுடில் சில கணினிகள். நெட்வொர்க்கைப் பார்த்துக்கொள்ள நானும் இன்னொருவரும் என இரண்டே பேர். வீட்டிலிருந்தோ வெளியூரிலிருந்தோ அலுவலகக் கணினிக்குள் வர வேண்டுமானால் வி.பி.என். என்ற மறையாக்கப்பட்ட தனி இணைப்பு வழியாகத்தான் வர வேண்டும் என்பது விதி. எங்களிடம் இருந்த நெட்வொர்க் வரைபடமும் அதையே சொன்னது. அந்த வரைபடத்தை யாரும் சரிபார்த்து இரண்டு ஆண்டுகளுக்கு மேல் ஆகியிருந்தது.

ஒரு கணினியைத் தொலைவிலிருந்தே இயக்க உதவும் ரிமோட் டெஸ்க்டாப் சேவை (சுருக்கமாக ஆர்.டி.பி.) வழக்கமாக டி.சி.பி. 3389 என்ற போர்ட்டில், அதாவது இணைப்புகள் வரும் எண்ணிட்ட வாசலில், காத்திருக்கும். அதை இணையத்துக்குத் திறந்து வைத்தாலும் எங்கள் முகவரி யாருக்குத் தெரியப்போகிறது என்று நினைப்பவர்களை இன்றும் பார்க்கிறேன். மிச்சிகன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2013இல் வெளியிட்ட இசட்மேப் என்ற கருவி, ஒரு கிகாபிட் இணைப்புள்ள ஒரே கணினியிலிருந்து ஐ.பி.வி.4 முகவரிகள் அத்தனையிலும் ஒரு போர்ட்டை 45 நிமிடங்களுக்குள் தட்டிப் பார்க்க முடியும் என்று காட்டியது. அதே ஆண்டு வந்த மாஸ்ஸ்கேன் அதைவிட வேகமானது. ஷோடான் என்ற தேடுதளம் 2009 முதலே இப்படிக் கிடைப்பதைச் சேகரித்துத் தேடக் கொடுக்கிறது. திறந்து வைத்த போர்ட் கண்ணில் படாமல் தப்பிக்க வழியில்லை. இதெல்லாம் எனக்கு அப்போதே தெரியும். எங்கள் நெட்வொர்க்கில் அப்படி எதுவும் திறந்திருக்காது என்று நம்பியதுதான் என் தவறு.

முதலில் கவனித்தது

கணக்குப் பிரிவில் இருக்கும் ஒருவரின் பயனர் கணக்கு காலையில் வந்து பார்க்கும்போது பூட்டியிருந்தது. திறந்து கொடுத்தோம். மறுநாளும் பூட்டியிருந்தது. அவர் பாஸ்வேர்டைத் தவறாக அடிக்கிறார் என்றோ, போனில் பழைய பாஸ்வேர்ட் தங்கிவிட்டது என்றோ எண்ணினோம். போனிலிருந்து கணக்கை நீக்கச் சொன்னோம். அவரும் பொறுமையாகச் செய்தார். மூன்றாம் நாளும் அதே கதை. முதல் இரண்டு நாள்கள் அவரையே கேள்வி கேட்டுக்கொண்டிருந்தோமே தவிர, பூட்டு எங்கிருந்து விழுகிறது என்று நாங்கள் பார்க்கவில்லை.

மூன்றாம் நாள், பயனர் கணக்குகளை நிர்வகிக்கும் டொமைன் கன்ட்ரோலர் என்ற சர்வரில் 4740 எண்ணுள்ள நிகழ்வைத் தேடினோம். கணக்கு பூட்டப்பட்டதைப் பதிவு செய்யும் நிகழ்வு அது. அதில் இருந்த கணினியின் பெயர் அவருடைய மேஜைக் கணினி அல்ல. கணக்கு மென்பொருள் ஓடும் சர்வர். விண்டோஸ் சர்வர் 2012 ஆர்2. அந்த சர்வரின் செக்யூரிட்டி லாகை, அதாவது பாதுகாப்புப் பதிவேட்டைத் திறந்தபோது 4625, அதாவது தோல்வியுற்ற உள்நுழைவு, வரி வரியாக நின்றது. ஒரு நாளைக்குப் பல ஆயிரம். நிறுவனத்துக்குத் தொடர்பே இல்லாத முகவரிகளிலிருந்து அட்மினிஸ்ட்ரேட்டர், அட்மின், யூசர், டெஸ்ட் என்று மாற்றி மாற்றி முயன்றிருந்தார்கள். இவற்றுக்கு நடுவே கணக்குப் பிரிவில் இருப்பவரின் பயனர் பெயரும் எழுத்துப் பிசகாமல் இருந்தது.

அந்தப் பெயர் எப்படி வெளியே போனது என்பது பிறகு புரிந்தது. அந்த சர்வரில் என்.எல்.ஏ. அணைக்கப்பட்டிருந்தது. என்.எல்.ஏ. இயங்கினால், பாஸ்வேர்டைக் கொடுத்து அடையாளத்தை உறுதிசெய்த பிறகுதான் திரை வரும். அணைத்துவிட்டால் யார் இணைத்தாலும் உள்நுழைவுத் திரை தெரியும், அதில் ஏற்கெனவே உள்ளே இருக்கும் பயனர்களின் பெயர்களும் தெரியும். யாரோ அந்தத் திரையைப் பார்த்துப் பெயரை எடுத்திருக்க வேண்டும் என்பது எங்கள் கணிப்பு.

இங்கே ஒன்றைச் சொல்ல வேண்டும். ஐந்து முறை தவறினால் அரை மணி நேரம் பூட்டும்படி எங்கள் டொமைனில் கொள்கை வைத்திருந்தோம். அது இல்லாவிட்டால் இந்த விஷயம் எங்களுக்குத் தெரிந்தே இருக்காது. சர்வரில் இயல்பாக வரும் அட்மினிஸ்ட்ரேட்டர் கணக்கு ஒருமுறைகூடப் பூட்டவில்லை. அந்தக் கணக்கையும் பூட்டுவதற்கான கொள்கையே 2022 அக்டோபர் புதுப்பிப்பில்தான் விண்டோஸில் வந்தது, அதையும் நாமே இயக்கி வைக்க வேண்டும். நாங்கள் வைக்கவில்லை.

யாராவது உள்ளே வந்துவிட்டார்களா

அன்று மதியம் முழுவதும் இந்தக் கேள்வியில் போனது. செக்யூரிட்டி லாகின் அளவு மாற்றப்படாமல் 20 எம்.பி.யிலேயே இருந்தது. தோல்விப் பதிவுகள் குவிந்ததில் பழையவை அழிந்து, கையில் மிஞ்சியது மூன்று நாள் பதிவு மட்டும். அந்த மூன்று நாளில் வெளி முகவரியிலிருந்து வெற்றிகரமான உள்நுழைவு, அதாவது 4624, எதுவும் இல்லை.

அப்புறம் இன்னொரு லாகில் 1149 நிகழ்வுகள் நூற்றுக்கணக்கில் இருந்ததைப் பார்த்து என் சக பணியாளர் பதறிவிட்டார். 'பயனர் அங்கீகாரம் வெற்றி' என்ற பொருளில் அதன் வாசகம் இருக்கும். என்.எல்.ஏ. இல்லாத சர்வரில் அந்தப் பதிவை வைத்து யாரோ நுழைந்துவிட்டதாக முடிவு செய்யக் கூடாது. திரை வரை இணைப்பு வந்தாலே அது பதிவாகலாம். உண்மையில் அமர்வு தொடங்கியதா என்பதற்கு லோக்கல் செஷன் மேனேஜர் லாகில் உள்ள 21ஆம் எண் நிகழ்வைப் பார்க்க வேண்டும். அதில் எங்கள் ஆட்களும் மென்பொருள் விற்பனையாளரின் ஆளும் மட்டுமே இருந்தார்கள்.

ஃபயர்வாலில் 14 நாள் பதிவு இருந்தது. பாஸ்வேர்டை முயன்று தோற்கும் இணைப்பு சில நொடிகளில் முடியும், மிகக் குறைந்த தரவுதான் போகும். உள்ளே வந்து வேலை செய்யும் அமர்வோ நீண்ட நேரம் நீடிக்கும், பல எம்.பி. வெளியே போகும். இந்த வித்தியாசத்தை வைத்து வடிகட்டினோம். சந்தேகப்படும்படி நீண்ட அமர்வு எதுவும் இல்லை. ஆனால் 14 நாளுக்கு முன்னால் என்ன நடந்தது என்று சொல்ல எங்களிடம் எந்த ஆதாரமும் இல்லை.

உடனே எடுத்த முடிவுகள்

போர்ட்டை உடனே மூடுவதா, கொஞ்சம் கவனித்துவிட்டு மூடுவதா என்று எங்களுக்குள் வாக்குவாதம் வந்தது. கவனித்தால் யார் என்று தெரியும் என்றார் சக பணியாளர். யார் என்று தெரிந்து நாங்கள் இரண்டு பேர் என்ன செய்துவிட முடியும் என்பது என் கேள்வி. சம்பளக் கணக்கு இருக்கும் சர்வர் அது. லாக் கோப்புகளையும் வட்டின் நகலையும் எடுத்து வைத்துவிட்டு அன்று மாலையே மூடினோம்.

முழுவதும் மூடவில்லை. மென்பொருள் விற்பனையாளரின் ஆள் அன்று இரவு ஒரு திருத்தம் செய்ய வேண்டியிருந்தது. அவர்களுடைய நிலையான ஒரு முகவரிக்கு மட்டும் இரண்டு நாள் அனுமதி கொடுத்து, அதற்குள் அவருக்கு வி.பி.என். கணக்கு உருவாக்கி, பிறகு அந்த விதியையும் நீக்கினோம். 3389ஐ வேறு எண்ணுக்கு மாற்றினால் போதுமே என்று ஒரு யோசனை வந்தது. அதை ஏற்கவில்லை. இன்றைய ஸ்கேன் கருவிகள் போர்ட் எண்ணை நம்பியிருப்பதில்லை, எதிர்முனை எந்த மொழியில் பதில் சொல்கிறது என்று பார்த்துச் சேவையை அடையாளம் காண்கின்றன.

அந்த போர்ட் திறந்திருந்த காரணத்தை ஃபயர்வால் விதியின் குறிப்பிலேயே கண்டோம். மென்பொருளை நிறுவிய சமயத்தில் விற்பனையாளருக்காகத் திறந்தது. குறிப்பில் 'தற்காலிகம்' என்று மட்டும் எழுதியிருந்தது. எழுதியவர் வேலையை விட்டுப் போய் வெகுநாள் ஆகிவிட்டது.

வெளியிலிருந்து ஸ்கேன்

ஒன்று இருந்தால் இன்னொன்றும் இருக்கலாம். எல்லா முகவரிகளையும் வெளியிலிருந்து பார்த்துவிடலாம் என்று முடிவு செய்தோம். கருவியை ஓட்டுவதற்கு முன் நிர்வாக இயக்குநரிடம் எழுத்தில் அனுமதி வாங்கினோம்: எந்த முகவரிகள், எந்த நாள்கள், யார் ஓட்டுவது, ஏதாவது நின்றுபோனால் யாரை அழைப்பது. கிளவுட் நிறுவனத்தின் விதிகளையும் படித்தோம். இது வெறும் சம்பிரதாயம் இல்லை என்பது பட்டியல் தயாரிக்கும்போதே தெரிந்தது. தலைமை அலுவலகத்துக்கு இணையச் சேவை நிறுவனம் கொடுத்திருந்தது 16 முகவரிகள் கொண்ட தொகுதி. அதில் எந்தக் கணினிக்கும் கொடுக்க முடியாத முதலும் கடைசியும் போக, ஒன்று அவர்களுடைய சாதனத்துக்கானது. மீதி 13தான் எங்களுடையவை. ஒரு கிளைக்கு நாங்கள் குறித்து வைத்திருந்த முகவரியோ பழையது. இணைப்பு மாறியபோது முகவரியும் மாறியிருக்கிறது. எங்கள் குறிப்பை நம்பி ஓட்டியிருந்தால் முன்பின் தெரியாத யாருடைய கணினியையோ ஸ்கேன் செய்திருப்போம். அதன் பிறகு ஒவ்வோர் இடத்திலும் இருப்பவர்களிடம் அந்தக் கணினியிலிருந்தே வெளி முகவரியைப் பார்த்துச் சொல்லச் சொன்னோம். கடைசியில் பட்டியலில் நின்றவை 18.

கருவியாக என்மேப்பைத் தேர்ந்தெடுத்தோம். 1997இல் கோர்டன் லயன் வெளியிட்டது, இன்றும் பராமரிக்கப்படுகிறது. மாஸ்ஸ்கேன் பெரிய முகவரித் தொகுதிகளுக்கானது. 18 முகவரிகளுக்கு வேகம் தேவையில்லை, பதில்களைத் தவறவிடாத நிதானம்தான் தேவை.

முதல் முயற்சி வீணானது. என் சக பணியாளர் அலுவலகத்தின் உள்ளே அமர்ந்தபடி எங்கள் வெளி முகவரிகளை ஸ்கேன் செய்தார். எல்லாம் சுத்தமாக இருப்பதாக வந்தது. உள்ளிருந்து போகும்போது ஃபயர்வால் வேறு விதிகளைப் பொருத்துகிறது. வெளியே இருப்பவர் பார்ப்பதை உள்ளே இருப்பவர் பார்ப்பதில்லை. அரை நாள் போனது. பிறகு கிளவுடில் தனியாக ஒரு கணினியை வாடகைக்கு எடுத்து, அங்கிருந்து ஓட்டினோம்.

இரண்டாவது முயற்சியில் 18இல் ஏழு முகவரிகள் மட்டுமே உயிரோடு இருப்பதாக வந்தது. என்மேப் இயல்பாக முதலில் பிங் போன்ற சில சோதனைகளைச் செய்யும். பதில் வராத முகவரியை அணைந்திருப்பதாக எடுத்துக்கொண்டு தாண்டிப் போய்விடும். எங்கள் ரவுட்டர்கள் பிங்குக்குப் பதில் சொல்லாதபடி அமைக்கப்பட்டவை. அந்த முதல்கட்டச் சோதனையைத் தவிர்க்கச் சொல்லி மறுபடி ஓட்டினோம். இன்னொன்று, எதுவும் சொல்லாவிட்டால் என்மேப் பார்ப்பது அதிகம் புழங்கும் 1,000 போர்ட்டுகளை மட்டுமே. நாங்கள் 1 முதல் 65,535 வரை கேட்டோம், சேவையை அடையாளம் காணும் வசதியையும் சேர்த்தோம். மெதுவாக ஓடும்படி வைத்ததால் ஓர் இரவு முழுக்க ஆயிற்று.

கண்டவை

தலைமை அலுவலகத்தில் புதிதாக எதுவும் இல்லை. ஒரு கிளையில் 33,000க்கு மேல் உள்ள ஓர் எண்ணில் ஆர்.டி.பி. பதில் சொன்னது. போர்ட்டை மாற்றி வைத்தால் யாருக்கும் தெரியாது என்று யாரோ நம்பியிருக்கிறார்கள். என்மேப்புடன் வரும் ஆர்.டி.பி. ஸ்கிரிப்ட் ஒன்று, எதிர்முனை உள்நுழைவுக்கு முன்பே தானாகச் சொல்லும் தகவல்களை எடுத்துக் காட்டும். அதில் கணினியின் பெயரும் 6.1.7601 என்ற பதிப்பு எண்ணும் வந்தன. பெயரைப் பார்த்ததும் அது கிளைக் கணக்காளரின் மேஜைக் கணினி என்று தெரிந்துவிட்டது. பதிப்பு எண் விண்டோஸ் 7 என்றது.

எனக்கு வயிற்றைப் பிசைந்தது அப்போதுதான். ப்ளூகீப் என்று அழைக்கப்பட்ட சி.வி.இ.-2019-0708 குறை விண்டோஸ் 7ஐப் பாதிப்பது. பாஸ்வேர்டே இல்லாமல் உள்ளே வர வழிசெய்யும் குறை அது. அதன் தீவிரத்தால் 2019 மே மாதம் மைக்ரோசாஃப்ட், ஆதரவை நிறுத்திவிட்ட விண்டோஸ் எக்ஸ்.பி.க்கும் சேர்த்துத் திருத்தம் வெளியிட்டது. அந்தக் குறை இருக்கிறதா என்று வெளியிலிருந்து சோதிக்கும் கருவிகள் இருக்கின்றன. ஆனால் ஒருவர் வேலை செய்துகொண்டிருக்கும் கணினியில் அப்படிச் சோதித்து அது நின்றுபோனால் என்ன செய்வது? கிளைக்கே போய் நிறுவப்பட்ட திருத்தங்களின் பட்டியலைப் பார்த்தேன். 2019 மே திருத்தம் இல்லை. என்.எல்.ஏ. இயங்கிக்கொண்டிருந்தது ஒன்றே தடுப்பாக இருந்திருக்கிறது.

மூன்றாவது, ஸ்கேனில் கிடைக்கவே இல்லை. பட்டியலில் இருப்பதைத்தானே ஸ்கேன் பார்க்கும்? ஆர்.டி.பி. சர்வர்கள் இயல்பாகத் தாமே உருவாக்கிக்கொள்ளும் சான்றிதழில் கணினியின் முழுப் பெயர் இருக்கும், டொமைனில் சேர்ந்த கணினியானால் நிறுவனத்தின் டொமைன் பெயரும் சேர்ந்து வரும். அந்த நம்பிக்கையில் ஷோடானில் எங்கள் டொமைன் பெயரைத் தேடினோம். நாங்கள் அறியாத ஒரு கிளவுட் முகவரி வந்தது. மென்பொருள் பிரிவில் ஒருவர் ஒரு சோதனைக்காக உருவாக்கி மறந்துவிட்ட கணினி. 3389, 0.0.0.0/0 என்று உலகம் முழுமைக்கும் திறந்திருந்தது. மாதா மாதம் அதற்குக் கட்டணமும் போய்க்கொண்டிருந்தது.

கிளைக் கணக்காளருடன் நடந்த பேச்சு

இந்தப் பகுதியை நான் சுருக்க விரும்பவில்லை. கிளைக்குப் போகும்போது எனக்குக் கோபம் இருந்தது. ரவுட்டரின் பாஸ்வேர்ட் ஸ்டிக்கரிலேயே இருந்ததால் அவரே உள்ளே போய், வெளியிலிருந்து வரும் இணைப்பு தன் கணினிக்குப் போகும்படி போர்ட்டைத் திருப்பிவிட்டிருக்கிறார். ஏன் என்று கேட்டேன்.

"வி.பி.என். கணக்கு வேண்டும் என்று மூன்று வாரம் கேட்டேன் சார். பதிலே வரவில்லை. மாத முடிவுக் கணக்கை யார் முடிப்பது? அப்போது அம்மாவை ஆஸ்பத்திரியில் சேர்த்திருந்தோம், பக்கத்தில் இருந்தே வேலை பார்த்தேன்."

அவர் அனுப்பிய மூன்று மின்னஞ்சல்களும் எங்கள் பொதுப் பெட்டியில் இருந்தன. இரண்டு திறக்கப்படவே இல்லை. அவர்மீது நடவடிக்கை எடுக்கலாமா என்று நிர்வாகம் கேட்டபோது, அந்த மின்னஞ்சல்களை அறிக்கையுடன் இணைத்துக் கொடுத்தேன். நடவடிக்கை எதுவும் எடுக்கப்படவில்லை.

பின்னர் நடந்தவை

கிளைக் கணினி அன்றே இணைப்பிலிருந்து எடுக்கப்பட்டது, அதே வாரத்தில் புதிய கணினி வந்தது. கிளவுட் சோதனைக் கணினியின் வட்டை நகலெடுத்துவிட்டு அழித்தோம்.

கணக்கு சர்வரைப் பொறுத்தவரை முடிவு எளிதாக இல்லை. புதிய பயனர் கணக்குகள், திட்டமிட்ட பணிகள், தானாகத் தொடங்கும் சேவைகள் எல்லாம் பார்த்தோம். ஷிஃப்ட் விசையை ஐந்து முறை தட்டினால் திறக்கும் நிரலை மாற்றி வைத்து, உள்நுழைவுத் திரையிலிருந்தே கட்டளைச் சாளரத்தைத் திறக்கும் பழைய தந்திரம் ஒன்று உண்டு, அதையும் சரிபார்த்தோம். எதிலும் மாற்றம் இல்லை. இருந்தாலும் 14 நாளுக்கு முந்தைய காலம் இருட்டாகவே இருந்தது. விண்டோஸ் சர்வர் 2012 ஆர்2க்கான வழக்கமான ஆதரவும் 2023 அக்டோபரோடு முடிந்துவிட்டது. ஆக, தடயம் இல்லை என்பதை நம்பி அதையே வைத்துக்கொள்ளாமல், புதிய சர்வரை அமைத்துத் தரவை மட்டும் மாற்றினோம். அந்த சர்வரில் ஒருமுறையாவது நுழைந்த எல்லாருடைய பாஸ்வேர்டும் மாற்றப்பட்டது. இரண்டு வார இறுதிகள் போயின. அந்தச் செலவு சரியானது என்றே இன்றும் நினைக்கிறேன்.

வெளி முகவரிகளிலிருந்து வந்த 4625 பதிவுகள் விற்பனையாளருக்கான விதியை நீக்கிய நாளில் பூஜ்யமாயின. கணக்குப் பிரிவில் இருப்பவரின் கணக்கு பிறகு பூட்டவே இல்லை. முதல் இரண்டு நாள்கள் அவரைச் சந்தேகித்ததற்கு நேரில் போய் வருத்தம் சொன்னோம்.

வி.பி.என்.னுக்கு இரண்டாம் கட்டச் சரிபார்ப்பு சேர்க்கப்பட்டது. கணக்கு கேட்டால் ஒரு வேலை நாளுக்குள் கொடுப்பது என்று எழுதி வைத்தோம். ரிமோட் டெஸ்க்டாப் இணைப்புகளை நடுவில் நின்று வாங்கி உள்ளே அனுப்பும் ஆர்.டி. கேட்வே என்ற சர்வரை அமைக்கலாமா என்றும் பார்த்தோம். வெளியிலிருந்து வேலை செய்பவர்கள் எங்களிடம் இருபது பேருக்கும் குறைவு. அவர்களுக்காக இணையத்தைப் பார்த்தபடி இன்னொரு சர்வரை நிறுத்தி, அதற்குத் திருத்தங்கள் போட்டுக்கொண்டே இருக்க எங்களிடம் ஆள் இல்லை என்று விட்டுவிட்டோம்.

மூன்று வாரம் கழித்து மறுபடி ஸ்கேன் ஓட்டியபோது அதே கிளையில் அதே போர்ட் திறந்திருந்தது. ரவுட்டர் பழுதாகி, இணையச் சேவை நிறுவனத்தின் ஆள் வந்து புதியதை வைத்து, பழைய அமைப்பின் நகலை அப்படியே ஏற்றிவிட்டுப் போயிருக்கிறார். நாங்கள் சரிசெய்வதற்கு முன் எடுத்த நகல் அது. எதிர்முனையில் அந்தப் பழைய கணினி இல்லாததால் ஆபத்து எதுவும் நேரவில்லை. அன்றிலிருந்து வாரம் ஒருமுறை ஸ்கேன் தானாக ஓடுகிறது. என்மேப்புடன் வரும் என்டிஃப் என்ற துணைக்கருவி முந்தைய முடிவோடு ஒப்பிடுகிறது, மாறியது மட்டும் எங்களுக்கு மின்னஞ்சலில் வருகிறது. முழு முடிவையும் அனுப்பினால் இரண்டாம் வாரத்திலிருந்தே யாரும் படிக்க மாட்டோம்.

இன்று செய்தால் மாற்றிக்கொள்பவை

முகவரிப் பட்டியலை வரைபடத்திலிருந்து தொடங்க மாட்டேன். இணையச் சேவை, கிளவுட் ஆகியவற்றின் கட்டண ரசீதுகளைக் கணக்குப் பிரிவிடம் கேட்டு, அங்கிருந்து தொடங்குவேன். பணம் போகும் இடமெல்லாம் அதில் இருக்கும், மறந்துபோன சோதனைக் கணினி உட்பட.

லாக் அளவை முதலிலேயே கூட்டி, இன்னொரு கணினிக்கும் அனுப்பி வைத்திருப்பேன். நகல் எடுக்கும் வரை போர்ட் திறந்தே இருந்தபோதும் பழைய பதிவுகள் அழிந்துகொண்டுதான் இருந்தன.

ஸ்கேனுக்கு முன்பே கிளைகளில் இருப்பவர்களிடம் பேசியிருப்பேன். வெளியிலிருந்து எப்படி வேலை செய்கிறீர்கள் என்று ஒரு கேள்வி கேட்டிருந்தால் கிளைக் கணக்காளர் அன்றே சொல்லியிருப்பார். அவர் எதையும் மறைக்கவில்லை.

டி.சி.பி. அல்லாத இன்னொரு வகைப் போக்குவரத்தான யு.டி.பி.யை நாங்கள் பார்க்கவில்லை. ஆர்.டி.பி. 3389ஐ யு.டி.பி.யிலும் பயன்படுத்துகிறது. டி.சி.பி. மூடியிருந்தால் யு.டி.பி. மட்டும் திறந்திருந்து யாரும் உள்ளே வந்துவிட முடியாது என்றாலும், விதிகளில் மிச்சம் இருப்பதைக் காட்டியிருக்கும். புதிய வகை இணைய முகவரியான ஐ.பி.வி.6ஐயும் விட்டுவிட்டோம். கிளையில் வந்த புதிய ரவுட்டர் உள்ளே இருக்கும் கணினிகளுக்கு நேரடியாக ஐ.பி.வி.6 முகவரி கொடுப்பது பிறகே தெரிந்தது. அங்கே போர்ட்டைத் திருப்பிவிடும் வேலையே இல்லை, ரவுட்டரின் ஃபயர்வால் அணைந்திருந்தால் கணினி நேராக வெளியே நிற்கும். ஒரு கிளைக்குக் கிடைக்கும் தொகுதியே 2இன் 64ஆம் அடுக்கு முகவரிகள் என்பதால் வரிசையாகத் தட்டிப் பார்ப்பதும் நடக்காது. கணினிகளிலிருந்து முகவரிகளைச் சேகரித்து அவற்றை மட்டும் வெளியிலிருந்து சோதிக்கிறோம். தலைமை அலுவலகமும் ஒரு கிளையும் முடிந்துவிட்டன, இரண்டாவது கிளை இந்த மாதம் நடக்கிறது.